நீலக்குருவிக்குத் தொண்டையில் கோடு உண்டா?

கடல் தாண்டிப் போகிறவர்கள் வேலை தேடிப் போவார்கள், சரக்குத் தேடிப் போவார்கள், சொல்லாமல் ஓடிப்போன மைத்துனனைத் தேடிப் போவார்கள். நான் ஒரு குருவியின் தொண்டையைப் பார்த்துவிட்டு வரப் போனேன்.

பாளையங்கோட்டையில் ஒரு கல்லூரியின் விலங்கியல் காட்சிச்சாலையில் பதினோரு வருடமாக நான் தற்காலிக உதவியாளன். செத்த பறவையின் தோலை உரித்து, பஞ்சு அடைத்து, காலில் சீட்டுக் கட்டி, இழுப்பறையில் மல்லாக்கப் படுக்க வைப்பது என் தொழில். உயிருள்ள பறவை என்றால் எனக்குக் கொஞ்சம் பயம். அது திரும்பிப் பார்க்கிறது.

எங்கள் பேராசிரியருக்கு ஈப்பிடிப்பான்கள் மேல் மோகம். அதிலும் ஹைப்போதைமிஸ் என்று ஒரு சின்னப் பேரினம். மொத்தமே நாலைந்து இனங்கள்தான். மற்றவையெல்லாம் கிழக்கே எங்கெங்கோ தீவுகளில் ஒதுங்கிக் கிடக்க, ஒன்று மட்டும் இந்தியாவிலிருந்து ஜாவா வரை பரந்திருக்கிறது. நம் பக்கத்து ஆண் குருவி நல்ல நீலம். பிடரியில் ஒரு கறுப்புப் பொட்டு, தொண்டையில் கறுப்பு நூல் கட்டினாற்போல ஒரு கோடு. இலங்கைக்குள் போனால் பொட்டும் கிடையாது, கோடும் கிடையாது என்பது புத்தகங்களின் முடிவு. பேராசிரியரோ, இலங்கையின் கீழ்க்கரையில் இருக்கிற குருவிக்குப் பொட்டு போயிருந்தாலும் கோடு மிஞ்சியிருக்கும் என்று ஒரு கட்டுரையில் அடித்து எழுதிவிட்டார். அச்சாகி வந்த பிறகுதான், அந்தக் கரையிலிருந்து ஒரு குருவிகூடத் தம்மிடம் இல்லை என்பது அவருக்கு நினைவு வந்தது.

என்னைக் கூப்பிட்டார். “நீர் போய் ஓர் ஆண் குருவியைக் கொண்டு வாரும். கோடு இருந்தால் வருகிற மாதமே உம்மை நிரந்தரமாக்கச் சொல்லி எழுதுகிறேன்” என்றார். கோடு இல்லாவிட்டால் என்ன என்று நான் கேட்கவில்லை. அவரும் சொல்லவில்லை.

என்னைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் என் அறிவு அல்ல. நான் மேலப்பாளையத்துக்காரன். அங்கே நூல் வியாபாரம் செய்யும் என் மைத்துனர் (இவர் ஓடிப்போகாதவர்) மருதமுனையில் அலியார் என்ற நெசவாளரோடு கடிதப் போக்குவரத்து வைத்திருந்தார். தங்க ஒரு வீடு ஆயிற்று.

முதல் நாள் கலவரம் பஸ்ஸிலேயே தொடங்கியது. மட்டக்களப்பிலிருந்து தெற்கே போகிற பஸ். பக்கத்தில் நிந்தவூர் நெல் வியாபாரி ஒருவர். என் மடியில் ஒரு நீளப் பெட்டி. பேராசிரியர் அதில் ஒரு காற்றுத் துப்பாக்கி வைத்துக் கொடுத்தனுப்பியிருந்தார். சுங்கத்தார் துப்பாக்கியை வாங்கி வைத்துக்கொண்டு, திரும்பும்போது தருவதாகச் சீட்டுக் கொடுத்தார்கள். உள்ளுக்குள் எனக்குச் சந்தோஷம்தான். அந்தத் துப்பாக்கியை நான் ஒரே ஒருமுறை சுட்டுப் பார்த்திருக்கிறேன். கல்லூரித் தோட்டக்காரர் இன்னும் என்னோடு பேசுவதில்லை. வெறும் பெட்டியை வீணாக்குவானேன் என்று என் தொழில் சாமான்களை அதில் அடுக்கியிருந்தேன்: மூன்று சின்னக் கத்திகள், கத்தரி, ஊசி நூல், ஒரு கட்டுப் பஞ்சு, தோலைப் பாடம் பண்ணுகிற விஷச் சோப்பு ஒரு டப்பா.

வழியில் ஒரு பொலிஸ்காரர் ஏறினார். இந்தியாவிலிருந்து கள்ளத்தோணியில் வருகிறவர்களைப் பிடிப்பதில் அப்போது ஏக மும்முரம். என்னிடம் பாஸ்போர்ட்டு இருந்தது, விசா இருந்தது, எல்லாவற்றிலும் முத்திரை இருந்தது. ஆனாலும் காக்கிச் சட்டையைப் பார்த்ததும் நான் நீந்தியே வந்துவிட்டேனோ என்று எனக்கே சந்தேகம் வந்துவிட்டது.

அவர் சிங்களத்தில் ஏதோ சொன்னார். பெட்டியைத் திறக்கச் சொல்கிறார் என்றார் வியாபாரி. திறந்தேன். கத்திகள் பளபளவென்று சிரித்தன. “இதெல்லாம் எதற்கு?” என்று கேட்கிறாராம். நான் பதறிப்போய், பேரினத்தில் ஆரம்பித்து, பிடரிப் பொட்டு, தொண்டைக் கோடு, பேராசிரியரின் கட்டுரை, என் பதினோரு வருடம் எல்லாவற்றையும் மூச்சுவிடாமல் ஒப்பித்தேன். வியாபாரி கடைசிவரை பொறுமையாகக் கேட்டுவிட்டு, சிங்களத்தில் நாலே வார்த்தை சொன்னார். பொலிஸ்காரர் இரண்டு கால்களையும் ஒடுக்கிக்கொண்டு, பெட்டியைத் தாமே மூடிவிட்டு, முன்பக்கம் போய் நின்றுகொண்டார்.

“என்ன சொன்னீங்க?” என்று கேட்டேன்.

“நீங்க கதைச்சதெல்லாம் செல்லப் போனா பஸ் இண்டைக்குக் கல்முனைக்குப் போகாது காக்கா. சுன்னத்து வைக்கிற ஒஸ்தா எண்டு செல்லிட்டன். கத முடிஞ்சி.”

குருவி தேடி வந்தவனைக் காக்கா என்கிறாரே என்று பார்த்தேன். இந்தக் கரையில் அண்ணனை அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். அதற்குள் பின் சீட்டில் ஒருவர் என் விலாசம் கேட்டார். பேரப்பிள்ளைகள் மூன்று பேர் இருக்கிறார்களாம், கை சுத்தமான ஒஸ்தா இந்தப் பக்கம் அகப்படுவதில்லையாம். அவரிடமிருந்து தப்பிக்கிற மும்முரத்தில் இறங்க வேண்டிய மருதமுனையைக் கோட்டைவிட்டுவிட்டுக் கல்முனைச் சந்தையில் போய் இறங்கினேன்.

ஆனி கடைசி. நம் பக்கத்தில் குற்றாலம் நனைந்துகொண்டிருக்கும் நேரம். அதே மேல்காற்றுதான் இங்கும் வருகிறது. ஆனால் வழியிலுள்ள மலைகளில் ஈரத்தையெல்லாம் கொட்டிவிட்டு, அடுப்பு வாய்க் காற்றாக வந்து சேருகிறது. கச்சான் என்கிறார்கள். என் தொப்பி இரண்டு முறை சந்தைக்குள் ஓடியது. ஒரு கடையில் ஒதுங்கிப் பால் இல்லாத தேத்தண்ணி குடித்தேன். உள்ளங்கையில் கொஞ்சம் சீனியை வைத்துத் தருகிறார்கள். ஒரு நக்கு, ஒரு மிடறு. நான் அத்தனை சீனியையும் தேத்தண்ணிக்குள் கொட்டிக் கலக்கினேன். கடையே திரும்பிப் பார்த்தது. பிறகு ஓர் ஒற்றை மாட்டு வண்டியில் ஏறி, வந்த வழியே வடக்கே போனேன்.

மருதமுனை மண்ணில் கால் வைத்ததும் தறிச்சத்தம். கண்ணை மூடினால் மேலப்பாளையம். திறந்தால் தென்னை, வெண்மணல், அதற்கப்பால் கடல் இரைச்சல். அலியார் வேலி வாசல் கடப்படிக்கே வந்து பெட்டியை வாங்கிக்கொண்டார். முப்பத்தைந்து வயது, இடுப்பில் கட்டிய சாரன் மடிப்பில் நூல் துணுக்குகள்.

“வாங்க காக்கா, வாங்க. வழியில ஒரு கரச்சலும் இல்லியே?”

“ஒன்றுமில்லை” என்றேன்.

வீடு அவருடையது அல்ல, மனைவி சுபைதாவுடையது. இங்கே கல்யாணமானால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வந்து சேருகிறான். வந்தவனுக்குத் தாராளமாகச் சோறு போடுகிறார்கள். இந்த ஏற்பாட்டைப் பற்றி நான் ஊரில் என் மனைவியிடம் இன்னும் வாய் திறக்கவில்லை.

அன்று மாலை அலியாரிடம் வந்த காரியத்தைச் சுருக்கமாகச் சொன்னேன். துப்பாக்கி போன கதையையும் சொன்னேன். “எப்படியாவது ஓர் ஆண் குருவி வேண்டும். உயிரோடு வேண்டும் என்பதில்லை. உயிரில்லாமல்தான் வேண்டும்” என்றேன். அவர் தலையை ஆட்டினார். பின்னால் நடந்த அத்தனைக்கும் இந்த ஒரு வாக்கியம்தான் காரணம் என்பதால் அதை அப்படியே எழுதி வைக்கிறேன்.

குசினியிலிருந்து பெண்களின் பேச்சுக் கேட்டது. சுபைதாவும் அவளுடைய தங்கையும்.

“அந்தக் குருவி என்னத்துக்காம் ராத்தா?”

“மருந்துக்குப் போல.”

“என்ன மருந்துகா?”

“நாப்பத்தேழு வயசு ஆம்புளைக்கு என்ன மருந்துகா வேணும்? இந்தியாவுல ரெண்டாங் கலியாணம் பேசியிரிக்காக்கும்.”

பிறகு ஒரே சிரிப்பு. நான் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இரண்டாம் நாள் காலையில் குருவியைப் பார்த்தேன். அதாவது குருவியின் முதுகைப் பார்த்தேன்.

வீட்டின் பின்வளவில் மா, பலா, வாழை, அடர்ந்த நிழல். நடுவில் கிணறு. சாயம் போட்ட நூலை அலசிக் கொட்டுகிற தண்ணீர் வாழையடியில் போய்த் தேங்குகிறது. கச்சானில் சுற்றுவட்டாரமே காய்ந்து கிடக்கவே, பறவைகளுக்கெல்லாம் அதுதான் குளம். கிணற்றடி நிழலில் ஒரு சாக்கை விரித்து உட்கார்ந்தேன். கிளைகளுக்கிடையில் ஏதோ நீலம் சிமிட்டியது. வால் விசிறிபோல விரிந்து மூடியது. ஒரு பூச்சியைக் காற்றில் கவ்விக்கொண்டு கிளைக்குத் திரும்பியது. பிடரியில் பொட்டு இல்லை, நிச்சயமாக இல்லை. பாதி வேலை முடிந்தது. இனி தொண்டை. அந்தக் குருவி இரண்டு மணி நேரம் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டே குடும்பம் நடத்தியது. எங்கள் பேராசிரியரும் இப்படித்தான், ஜன்னலைப் பார்த்துக்கொண்டே பேசுவார்.

மூன்றாவது மணி நேரத்தில் என் தோளில் ஏதோ சூடாகச் சொட்டியது. பார்த்தால் சட்டை முழுக்கச் சிவப்பு. வலி தெரியவில்லை. பெரிய காயத்தில் முதலில் வலி தெரியாது என்று எங்கோ படித்தது ஞாபகம் வந்தது. சாக்கிலேயே மெதுவாகச் சாய்ந்து, கண்ணை மூடி, கலிமா சொன்னேன். முழுக்கச் சொன்னேன். நடுவில் மனைவி மக்களை நினைத்து மன்னிப்பும் கேட்டுக்கொண்டேன்.

“காக்கா! அது சாயம்! மேல பாருங்க!” என்று வேலிக்குப் பின்னால் இருந்து சுபைதாவின் குரல்.

தலைக்கு மேலே மூங்கிலில், சாயம் தோய்த்த நூல் சிட்டங்களை அப்போதுதான் தொங்கவிட்டிருக்கிறார்கள். எழுந்து உட்கார்ந்தேன். குருவி போய்விட்டிருந்தது. அந்தச் சட்டையை இப்போதும் வீட்டில் போட்டுக்கொள்கிறேன். நல்ல சாயம், போகவேயில்லை.

மதியச் சாப்பாட்டுக்கு இரண்டு விருந்தாளிகள் வந்தார்கள். ஒருவர் அலியாரின் மச்சான் அசனார், சாய்ந்தமருதில் மீன் பிடிக்கிறவர். மற்றவர் மீராலெவ்வை. ஏறக்குறைய என் வயது, வெற்றிலைச் சிவப்பு வாய். கல்யாணத்து மாட்டிலிருந்து சொங்கிக் கோழி வரைக்கும் அந்த வட்டாரத்தில் தின்னப்படுகிற எதுவும் அவருடைய கத்தியைக் கடந்துதான் சட்டிக்குப் போகும்.

நாலு பேருக்கும் நடுவில் சஹன் என்கிற ஒரே பெரிய தட்டம். சோறு, கீரிமீன் ஆணம், கத்தரிக்காய்ப் பால்கறி, மாசிச் சம்பல். எங்கள் வீட்டில் ஆளுக்கொரு தட்டு. இங்கே தட்டம் ஒன்று, ஆனால் ஒவ்வொருவர் முன்னாலும் கண்ணுக்குத் தெரியாத ஓர் எல்லை. நான் பதற்றத்தில் அசனாரின் பிரதேசத்துக்குள் விரலை விட்டுவிட்டேன். அவர் ஒரு முழு மீனை எடுத்து என் பக்கம் தள்ளினார். வெட்கம் தாளாமல் அதை லெவ்வை பக்கம் தள்ளினேன். லெவ்வை அலியார் பக்கம் தள்ளினார். அந்த மீன் ஒரு சுற்றுச் சுற்றி மறுபடி என்னிடமே வந்து சேர்ந்தது.

“காக்கா கோழியும் அறுக்க மாட்டாராம், ஆனா குருவி மட்டும் வேணுமாம்” என்றார் லெவ்வை.

“பயந்த சுபாவம்” என்றார் அலியார், எனக்காகப் பரிந்து.

“காலைல கலிமாச் செல்லினதாமே?” என்றார் அசனார். இதற்குள் சாய்ந்தமருது வரை போய்விட்டது. பிறகு குருவியைப் பற்றிக் கேட்டார். எங்கே வருகிறது, எப்போது வருகிறது.

“அஸர் தொழுகைக்குப் பின்னால் வாழையடித் தண்ணீரில் குளிக்க வருகிறது” என்றேன்.

“தண்ணிக்கு வருதெண்டா அது மீன்தானே காக்கா. வீச்சுவல போதும்.”

எல்லோரும் சிரித்தோம். அவர் சிரிக்கவில்லை.

மூன்றாம் நாள் நான் செய்த தவறு, பேராசிரியருக்குக் கடிதம் போடக் கல்முனைக்குப் போனது. திரும்பும்போது கூட்டத்தோடு கூட்டமாக ஒரு பஸ்ஸில் தள்ளப்பட்டேன். மடியில் யாரோ ஒரு தயிர்ச்சட்டியை வைத்தார்கள். சட்டி குளிர்ச்சியாக இருந்தது, தூங்கிவிட்டேன். விழித்தபோது இரண்டு பக்கமும் வெட்ட வெளி வயல். பஸ் மேற்கே சம்மாந்துறைக்குப் போய்க்கொண்டிருக்கிறது. கடல் எந்தத் திசை என்றுகூடத் தெரியவில்லை.

“மேல பெரிய அணையைக் கட்டிக் காட்டை வெட்டினதுல ஆனையெல்லாம் கீழ எறங்கிட்டு” என்று முன் சீட்டில் ஒருவர் இன்னொருவரிடம் சொன்னது எனக்கு மட்டும் தனியாகக் கேட்டது. அதன்பின் வயலில் கண்ட ஒவ்வொரு எருமையையும் நான் இரண்டு முறை எண்ணினேன். வீரமுனைப் பக்கமாக வந்த ஒரு நெல் லொறியில் மூட்டைகளின் மேல் உட்கார்ந்து திரும்பினேன். மூட்டை மேல் உட்கார்ந்தால் யானை எட்டாது என்பது என் கணக்கு. யானைக்குத் துதிக்கை இருப்பது மருதமுனையில் இறங்கும்போதுதான் நினைவு வந்தது.

அலியார் வீட்டு வளவில் கூட்டம். எல்லோர் முகத்திலும் பெருநாள் களை. அசனார் நனைந்த வீச்சுவலையை உதறிக்கொண்டிருந்தார். லெவ்வை ஒரு சின்னக் கத்தியைத் துணியில் துடைத்துக்கொண்டிருந்தார். கழுவிய வாழையிலை ஒன்றின் நடுவில், உள்ளங்கை கொள்ளும் அளவில், நீலமாக ஒன்று.

“எங்க காக்கா போன? புடிச்சாச்சி!” என்றார் அலியார். “ஆண்தான். மச்சான் ஒரே வீச்சு. ஒடனே லெவ்வையக் கூட்டியாந்து பிஸ்மி செல்லி அறுத்தாச்சி.”

“அறுத்தாச்சா?”

“ஓம். நீங்க உயிரில்லாமத்தான் வேணும் எண்டு செல்லினீங்க. வலைக்குள்ள கெடந்து அதுவா மௌத்தாப் போனா என்னத்துக்கு ஆகும்? ஒரு முசிலிமுக்கு அதத் தின்னக் குடுக்க ஏலுமா?”

சமையலறைத் திரைக்குப் பின்னால் சட்டி ஒன்று அடுப்பில் ஏறுகிற ஓசை கேட்டது. மிளகு வறுபடுகிற வாசனையும் வந்தது.

நான் இலைக்கு முன்னால் உட்கார்ந்தேன். குருவியைத் திருப்பிப் பார்த்தேன். பிடரி சுத்தம். வயிறு வெள்ளை. அலகைச் சுற்றிப் பூனை மீசைபோல மெல்லிய மயிர்கள். எல்லாம் பழுதில்லை. தொண்டை மட்டும் குறுக்கே அறுபட்டு ரத்தத்தில் ஊறிப்போயிருந்தது. கோடு இருந்ததா இல்லையா என்று பார்க்க வேண்டிய அதே இடத்தில், அதே அகலத்தில். அந்தப் பறவையில் வேறு எந்த இடத்தில் வெட்டியிருந்தாலும் நான் கவலைப்பட்டிருக்க மாட்டேன்.

தின்பதற்கு அல்ல, தோலுக்கு, அந்தத் தொண்டைக் கோட்டில்தான் என் வேலையே தொங்குகிறது என்று விளக்கினேன். அலியாரின் முகம் சுருங்குவதைப் பார்க்கச் சகிக்கவில்லை. திரைக்குப் பின்னால் சுபைதாதான் வாய் திறந்தாள்: “அப்ப தின்னுறல்லியா? பஞ்சு அடைக்கவா கடலால வந்த?”

“தப்பு என்னுடையது” என்றேன். அது உண்மையும்கூட. நானும் முஸ்லிம், சொன்ன வார்த்தைக்கு அவர்கள் எடுத்த பொருள்தான் நியாயமான பொருள்.

வெளிச்சம் இருக்கும்போதே, தறிக்கொட்டிலில் ஒரு பலகையில் வைத்துத் தோலை உரித்தேன். அறுபட்ட இடத்தைத் தைத்தேன். ரத்தத்தை அப்போதே துடைத்திருக்க வேண்டும், தொழில் ஒழுங்கு அது. தைத்ததே போதும் என்று விட்டுவிட்டேன். தவிட்டைத் தூவி, பஞ்சு அடைத்து, காய வைத்துவிட்டுப் படுத்துவிட்டேன். மறுநாள்தான் கடைசி நாள். அதற்கடுத்த நாள் கப்பல், விசாவும் அதோடு தீருகிறது. வளவில் இனிப் பெண் குருவி மட்டும்தான்.

நாலாம் நாள் காலையில் தவிட்டை ஊதிவிட்டுப் பார்த்தேன். ரத்தம் காய்ந்து கறுத்திருந்தது. நீலத் தொண்டையின் குறுக்கே, நூல் பிடித்துப் போட்டதுபோல, மெல்லிய கறுப்புக் கோடு. பிடரியில் பொட்டு இல்லை, தொண்டையில் கோடு உண்டு. பேராசிரியர் எப்படி எழுதினாரோ அப்படியே. அவரே வந்து வரைந்தால்கூட இவ்வளவு சரியாக விழுந்திருக்காது.

“மச்சான், ஓடியா! கோடு வந்திட்டு!” என்று அலியார் கத்தினார். நேற்றையிலிருந்து அவருக்கும் சோறு இறங்கவில்லை, பாவம். அசனார் வந்து பார்த்துவிட்டு, “மீனும் அப்பிடித்தான், செத்த பொறகுதான் சரியான நெறம் தெரியும்” என்று தீர்ப்புச் சொன்னார். சுபைதா எனக்கு முட்டை ஊற்றி ரொட்டி சுட்டனுப்பினாள்.

நான் என்ன செய்தேன் என்று கேட்டால், ரொட்டியைத் தின்றேன். பிறகு சீட்டை எடுத்து, தேதி, இடம் எல்லாம் எழுதி, ‘தொண்டையில் கறுப்புக் கோடு உண்டு’ என்றும் எழுதினேன். பேனா தடங்கலின்றி ஓடியது. கோடு இருக்கிறது, கண்ணால் பார்க்கிறேன், இதில் பொய் எங்கே வந்தது? இதனால் பேராசிரியருக்கு மகிழ்ச்சி, எனக்கு உத்தியோகம். குருவி ஆட்சேபம் சொல்லும் நிலையைக் கடந்துவிட்டது. யோசிக்க யோசிக்க என் நேர்மை எனக்கே தெளிவாகிக்கொண்டு வந்தது.

பத்து மணி போல லெவ்வை என்னை வழியனுப்ப வந்தார். குருவியைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“சோக்கான வேல. சீட்டுல என்ன எழுதியிரிக்கி?”

வாசித்தேன்.

“கோடு இருக்கல்லியே” என்றார்.

“இதோ இருக்கிறதே.”

“நேத்து இருக்கல்ல. அறுக்க முன்ன ஒரு சொட்டுத் தண்ணி வச்ச நான். தொண்ட மயிரெல்லாம் நனைஞ்சி படிஞ்சி போச்சி. ஒதுக்கி, தோலப் பாத்துத்தான் கத்திய வச்ச. மேல நீலம், கீழ போகப் போகச் சாம்பல். கோடு கீடு ஒண்டும் இல்ல.”

“நன்றாகப் பார்த்தீர்களா?” என் குரல் எனக்கே பிடிக்கவில்லை.

“ஆடு மாடெண்டா கை தானாப் போகும் காக்கா. இதுட கழுத்து என்ட சுண்டு விரல விடச் சின்னன். பாக்காம எப்பிடி அறுக்கிற?”

அலியாரும் அசனாரும் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். லெவ்வை குருவியைப் பலகையில் வைத்தார்.

“அது என்ட கத்தி போட்ட கோடு. அத அல்லா போட்ட கோடு எண்டு எழுதாதீங்க. மத்தப்படி ஒங்கட விருப்பம்” என்று சொல்லி, ஸலாம் கூறி, கடப்பைத் தாண்டிப் போய்விட்டார். கோபமாகப் போயிருந்தால் எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும். வெற்றிலையை மென்றுகொண்டு போனார்.

லெவ்வை சொன்னதை நான் யோசித்துப் பார்த்தேன். இத்தனை வருடமாகச் செத்த பறவைகளைக் கையாளுகிறேன். ஒன்றின் தொண்டையைக்கூட அந்த மனிதர் பார்த்தது போல நான் பார்த்ததில்லை. பார்த்தவர் ஒருவர்தான், அவர் சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

ஒரு கோப்பைத் தண்ணீர் கேட்டேன். அலியார் கொண்டுவந்தார். பஞ்சைத் தொட்டு, இறகின் போக்கிலேயே மெல்ல இழுத்தேன். முதல் இழுப்பில் கறுப்பு செம்மண் நிறமானது. இரண்டாவதில் பாதி போனது. நிறுத்திவிடலாம், பாதிக் கோடு இருந்தால் பாதி நிரந்தரமாவது ஆக்குவார்களா என்றுகூட நினைத்தேன். ஏழெட்டு இழுப்பில் தொண்டை சுத்தமாயிற்று. மேலே நீலம், கீழே போகப் போகச் சாம்பல். நடுவில் என் தையல்.

“அப்ப ஒங்கட வேல காக்கா?” என்று அலியார் மெதுவாகக் கேட்டார்.

“இருக்கிற வேலை இருக்கும்” என்றேன். பழைய சீட்டைக் கிழித்துவிட்டுப் புதிதாக எழுதினேன். ‘தொண்டையில் கோடு இல்லை. அறுக்குமுன் இறகை ஒதுக்கிப் பார்த்தவர்: மீராலெவ்வை, மருதமுனை.’

ஊர் வந்து சேர்ந்து, குருவியைப் பேராசிரியரின் மேசையில் வைத்தேன். பூதக்கண்ணாடியோடு குனிந்தார். வெகுநேரம் நிமிரவில்லை. பிறகு சீட்டைப் படித்தார். இன்னொரு தடவை படித்தார்.

“இந்த மீராலெவ்வை எந்தக் கல்லூரி?” என்றார்.

“கல்லூரி இல்லை ஐயா. தொண்டை விஷயத்தில் அந்த வட்டாரத்தில் அவர் சொன்னால் மறுபேச்சு இல்லை.”

அவர் ஜன்னலைப் பார்த்தார். குருவியை இழுப்பறையில் வைத்துவிட்டுப் போகலாம் என்று கையைக் காட்டினார்.

அடுத்த மாதம் எனக்குக் கடிதம் எதுவும் வரவில்லை. அதற்கடுத்த மாதமும் வரவில்லை. வருடக் கடைசியில் பேராசிரியரின் புதிய கட்டுரை அச்சாகி வந்தது. முந்திய கருத்தைத் திருத்திக்கொண்டிருந்தார், மனிதர் மனிதர்தான். கீழ்க்கரைப் பறவைக்கும் தொண்டைக் கோடு இல்லை என்று எழுதி, அடிக்குறிப்பில் ஆதாரமும் காட்டியிருந்தார்: ‘மீராலெவ்வை, நேரில் கண்டது.’

என் பெயர் எங்காவது இருக்கிறதா என்று பார்த்தேன். நன்றியுரையையும் சேர்த்து, இரண்டு முறை பார்த்தேன்.